மீன் பாட்டு டிஸ்கோ ஆச்சு! பாடியவர் பேர் என்ன ஆச்சு?

தூத்துக்குடிக்கும் கொழும்புக்கும் நடுவே இருப்பது ஒரு கடல்தான். தோணியில் வெங்காயம் போயிருக்கிறது, கருவாடு போயிருக்கிறது. அந்தப் பக்கத்திலிருந்து பாட்டும் வந்திருக்கிறது!

அப்படி வந்த பாட்டுதான் ‘சுராங்கனி’. கல்யாண வீடு, காலேஜ் விழா, டூர் பஸ்... எங்கே போட்டாலும் ஜனங்கள் கை தட்டுவார்கள். கால் தானாக ஆடும்.

பாடியவர் யார் என்று கேட்டுப் பாருங்கள். பாதிப்பேர் தலையைச் சொறிவார்கள்!

‘சிலோன் மனோகர்’ என்ற ஏ.ஈ.மனோகரன்தான் அவர். 1970-களில் பொப் இசையில் கொடிகட்டிப் பறந்தவர். தமிழ் சினிமாவிலும் நடித்தவர். 2018 ஜனவரியில் சென்னையில் காலமானார்.

சுராங்கனி என்ற பெண்ணுக்கு மீன் கொண்டுவந்த சேதிதான் பாட்டு. மீன்பிடிக் கரையில் அது ஒட்டிக்கொள்ளக் கேட்க வேண்டுமா? இலங்கை வானொலி இந்தக் கரையில் ‘கணீர்’ என்று கேட்ட காலம் அது. 1977-ல் ‘அவர் எனக்கே சொந்தம்’ படத்தில் இளையராஜாவின் இசையிலும் சுராங்கனி வந்துவிட்டாள்.

இப்போது டி.ஜே.க்கள் பலர் இதே பாட்டை வெட்டி ஒட்டி, எலெக்ட்ரானிக் ‘ரீமிக்ஸ்’ ஆக்கி ஆட்டம் போட வைக்கிறார்கள்.

ஆறும் நாலும்

இந்தப் பாட்டின் ஜாதி ‘பைலா’. போர்ச்சுகீஸ் மொழியில் ‘ஆடு’ என்ற சொல்லிலிருந்து பிறந்த பெயர். 16-ம் நூற்றாண்டில் போர்ச்சுகீசியர் முத்துக்குளித்துறைக்கும் வந்தார்கள், இலங்கைக்கும் போனார்கள். இங்கே அவர்களால் வேதம் வந்தது. அங்கே அவர்கள் பாட்டும், ஆப்பிரிக்காவிலிருந்து கொண்டுவரப்பட்ட மக்களின் தாளமும் கலந்து பைலா ஆனது.

பைலாவின் நடை ஆறு எண்ணிக்கை. ‘தகிட, தகிட’ என்று வாயால் சொல்லிப் பாருங்கள். தோள் தானாகக் குலுங்கும்!

நைட் கிளப் ‘ஹவுஸ்’ இசையோ ‘டும், டும், டும், டும்’ என்று நாலு சம அடி. நிமிஷத்துக்கு 120 முதல் 130 அடி வரை விழும். ஆறை நாலுக்குள் உட்கார வைப்பதில்தான் டி.ஜே.யின் சாமர்த்தியம் இருக்கிறது.

முதலில் பாடகரின் குரலைத் தனியாக உரித்து எடுக்கிறார்கள். பழைய ரிக்கார்டில் குரலும் வாத்தியமும் பின்னிக் கிடக்கும். இன்று கம்ப்யூட்டரே பிரித்துக் கொடுத்துவிடுகிறது. பிறகு வேகத்தைக் கூட்டியோ குறைத்தோ புது அடிக்கு இழுக்கிறார்கள். அடியில் நெஞ்சை அதிர வைக்கும் ‘பேஸ்’. ஒரே ஒரு சொல்லை மட்டும் வெட்டி, திரும்பத் திரும்ப ஒலிக்க விடுவார்கள். மிச்சமெல்லாம் போச்சு!

ரேடியோ ரிப்பேர்காரர் செய்த வேலை

இந்த வித்தைக்கும் ஒரு துறைமுகம்தான் தாய்வீடு. ஜமைக்கா நாட்டுக் கிங்ஸ்டன்!

ரேடியோ, ஆம்ப்ளிஃபயர் ரிப்பேர் பார்த்த கிங் டப்பி என்பவர், ஹிட் பாட்டின் குரலை அணைத்துவிட்டு டிரம்மையும் பேஸையும் மட்டும் எதிரொலியோடு ஓட விட்டார். 1970-களில் இது ‘டப்’ என்று உலகம் சுற்றியது. அதே காலத்தில் நியூயார்க் டிஸ்கோக்காரர்களும் பாட்டை வெட்டி நீட்டினார்கள். 1980-களில் சிகாகோவில் ‘ஹவுஸ்’ பிறந்தது.

இதில் ‘அண்டர்கிரவுண்டு’ என்பது என்ன? ரேடியோவுக்கும் பெரிய கம்பெனிக்கும் போகாமல், கிளப்புக்குள்ளேயே புழங்கும் சரக்கு. அனுமதி வாங்காத ரீமிக்ஸ்களை வெறும் வெள்ளை லேபிள் ஒட்டிக் கொஞ்சம் தட்டுகள் மட்டும் அடிப்பார்கள். லேபிளில் பேர் இருக்காது. பாடியவர் பேரும் இருக்காது!

லண்டனில் தளபதி!

நம்ம பாட்டுகளும் இந்த வலையில் சிக்கியவைதான்.

லண்டனில் பிறந்த ஈழத் தமிழ்ப் பெண் மாயா, ‘எம்.ஐ.ஏ.’ என்ற பெயரில் பாடுபவர். 2007-ல் தாயார் பெயரில் ‘கலா’ என்ற ஆல்பத்தை வெளியிட்டார். அதன் முதல் பாட்டிலேயே 1991-ல் வந்த ‘தளபதி’யின் காட்டுக்குயில் கூவுகிறது! ‘பிளாக் ஐட் பீஸ்’ என்ற அமெரிக்கக் குழு 2003-ல் எடுத்துக்கொண்டது ‘ஸ்ரீ ராகவேந்திரர்’ (1985) படப் பாட்டை. இரண்டுக்கும் இசை இளையராஜா.

அதே 2003-ல் ‘குறும்பு’ படத்துக்காக ‘அடுத்த வாரிசு’ (1983) பாட்டை ரீமிக்ஸ் செய்தவர் யார் தெரியுமா? மகன் யுவன்சங்கர் ராஜாவேதான்!

கோர்ட்டுக்குப் போன குரல்

எல்லாம் சுமுகமாக முடிவதில்லை. 2002-ல் அமெரிக்காவில் ‘அடிக்டிவ்’ என்ற பாட்டு சக்கைப்போடு போட்டது. உள்ளே ஒலித்த குரல் லதா மங்கேஷ்கருடையது! ‘ஜோதி’ (1981) என்ற இந்திப் படத்துக்கு பப்பி லாஹிரி போட்ட மெட்டு. தட்டிலோ அவர் பேரே இல்லை. வழக்கு போட்டார். அவர் பேரைப் போடாமல் விற்கக் கூடாது என்று லாஸ் ஏஞ்சல்ஸ் கோர்ட்டு தடை விதித்தது.

நம் நாட்டுச் சட்டமும் லேசுப்பட்டதல்ல. 2012-ல் திருத்தப்பட்ட காப்புரிமைச் சட்டப்படி, ஒரு பாட்டு முதலில் பதிவான வருஷம் முடிந்து 5 வருஷம் கழித்து வேறு குரலில் திரும்பப் பதிவு செய்யலாம். ஆனால் முன்கூட்டியே ராயல்டி கட்ட வேண்டும். வருஷத்துக்குக் குறைந்தது 50 ஆயிரம் பிரதிக்கு! மெட்டையோ வரியையோ இஷ்டத்துக்கு மாற்றவும் முடியாது. பழைய ரிக்கார்டையே வெட்டி ஒட்டுவதானால் ரிக்கார்டுக்குச் சொந்தக்காரர், மெட்டுக்கும் வரிக்கும் உரிமை உள்ளவர் எல்லோரிடமும் சம்மதம் வேண்டும்.

கல்யாண ஊர்வலத்திலும் வழிபாட்டுச் சடங்கிலும் பாட்டுப் போட விலக்கு உண்டு. கடையில் வியாபாரத்துக்காகப் போட்டால் அந்த விலக்கு கிடையாது. கடைக்காரர்கள் கவனிக்க!

ரீமிக்ஸே கூடாதா? யார் சொன்னது? பைலாவே நாலு தேசத்துச் சரக்கு கலந்ததுதானே! புது அடியால்தான் பேரப்பிள்ளைகள் காதுக்கும் சுராங்கனி போய்ச் சேர்ந்தாள். ஆனால் குரல் கொடுத்தவருக்குப் பேரும், உரியவருக்குக் காசும் போய்ச் சேர வேண்டாமா?

மீனைக்கூட “எந்தப் போட்டு மீன்ணே?” என்று கேட்டு வாங்குகிற ஊர் இது. அடுத்த தடவை ஸ்பீக்கர் அதிரும்போது டி.ஜே. தம்பியிடமும் ஒரு வார்த்தை கேளுங்கள்: “இது யார் பாட்டு தம்பி?”