ஆடு இல்லாத ஆட்டுக்கால் சூப்



நம்ம ஏற்காட்டு ரோட்டோரக் கடைகளில் ‘முடவாட்டுக்கால்’ என்று ரோமம் போர்த்திய கிழங்கு விற்பார்கள். வெளியூர்க்காரர்கள் நிஜ ஆட்டுக்கால் என்றே நினைப்பார்கள்! அது கிழங்கும் இல்லை. பாறையிலும் மரத்திலும் ஒட்டி வளரும் பெரணிச் செடியின் தண்டு என்று அறிவியல் டீச்சர் சொன்னாங்க.

மழைக் காலத்தில் அம்மா எஸ்டேட்டிலிருந்து நனைந்து வருவாங்க. போன வாரம் நானே சூப் வைத்தேன். ரோமத்தைச் சரியாகச் சுரண்டவில்லை. எல்லோருக்கும் தொண்டை கரகரத்தது. தம்பி இன்னும் கிண்டல் பண்றான்.

அதனால் முதல் வேலை, உள்ளே பச்சை தெரியும் வரை கத்தியால் சுரண்டிக் கழுவணும். நாலு பேருக்கு விரல் நீளத்தில் இரண்டு துண்டு போதும். மெல்லிசாக நறுக்கி மிளகு, சீரகம், பூண்டு, இஞ்சியோடு அம்மியில் தட்டணும். பத்து சின்ன வெங்காயத்தை எண்ணெயில் சிவக்க வதக்கணும். இதில் அவசரப்படாதீங்க, ருசியே அதில்தான். (பிரான்ஸ் நாட்டு வெங்காய சூப்புக்கும் இப்படித்தான் நிதானமாக வதக்குவார்களாம்.) தட்டியதைப் போட்டு, மஞ்சள், உப்பு சேர்த்து, ஆறு டம்ளர் தண்ணீர் ஊற்றிக் கொதிக்க விடணும். நாலு டம்ளராக வற்றியதும் வடிகட்டி, மல்லித்தழை தூவிச் சூடாகக் குடிக்கலாம்.

எங்க ஆயாவுக்கு முட்டி வலி. குடித்தால் இதமாக இருக்கிறதாம். ஆனால் டாக்டர் கொடுத்த மாத்திரையையும் விடுவதில்லை. முன்பெல்லாம் வீட்டுக்குப் பின்னால் பாறையிலேயே இருந்ததாம். ஆளாளுக்கு முழுசாகப் பெயர்த்துவிட்டார்கள். இப்போது காசு கொடுத்து வாங்குகிறோம். மீதித் துண்டை ஆயா பலா மரத்தில் கயிறு போட்டுக் கட்டி வைத்திருக்காங்க. துளிர் விட்டால் அடுத்த இதழில் எழுதுகிறேன்.

- 9-ஆம் வகுப்பு மாணவி