எழுத்தின் உருவம்

சென்ற மாதம் நம் இல்லத்துக்குத் திருமண அழைப்பிதழ் ஒன்று வந்தது. வழவழப்பான தாள், பொன்னிற எழுத்து. தமிழை வீட்டில் மட்டுமே பயிலும் நம் ஏழு வயது மகள் எழுத்துக் கூட்டிப் படிக்க முயன்று, பாதியிலேயே கீழே வைத்துவிட்டாள். அந்தச் சுருள்களுக்கிடையே ரகரம் எது, கால் எது என்று அவளுக்குப் புலப்படவில்லை. குற்றம் குழந்தையினுடையதா, எழுத்தினுடையதா?

அக்காலத்தில் ஓலையில் எழுதியோர், ஓலை பொத்துவிடும் என அஞ்சிப் பெரும்பாலும் புள்ளியிடுவதில்லை. எகர ஏகாரங்களுக்கும், ரகரத்துக்கும் காலுக்கும் உருவில் வேறுபாடின்றி இருந்தது. கற்றோர் இடம் நோக்கிப் பொருள் கொண்டனர், கற்போர் இடர்ப்பட்டனர். பதினெட்டாம் நூற்றாண்டில் வீரமாமுனிவர் குறில் நெடில் வேறுபாட்டைத் தெளிவாக்கினார். அச்சு பரவியபின் புள்ளியும் நிலைபெற்றது.

அச்செழுத்தின் வரலாறு வெளியூர்த் தமிழராகிய நமக்கு அயலானதன்று. தமிழெழுத்தில் அச்சாகிய 'தம்பிரான் வணக்கம்' 1578-ல் வெளிவந்தது, இன்றைய கேரளத்திலுள்ள கொல்லத்தில். பின்னர், ஜெர்மனியின் ஹாலே நகரில் வார்த்த தமிழெழுத்துகள் தரங்கம்பாடிக்கு வந்தன. அவை மிகப் பெரியனவாயிருந்தமையால் தாள் மிகுதியாகச் செலவாயிற்று. ஆதலின் அங்கேயே சிறிய எழுத்துகளை வார்த்து, 1715-ல் புதிய ஏற்பாட்டை அச்சிட்டு முடித்தனர்.

இன்று கணிப்பொறியில் எழுத்து வகைகளுக்குப் பஞ்சமில்லை. தேர்வில்தான் கவனம் வேண்டும். புகைவண்டி நிலையத்தின் மஞ்சள் பலகையில் கறுப்பெழுத்து தடித்திருப்பது பொருத்தமே. ஓடும் வண்டியிலிருந்து படிக்க வேண்டியது அது. அத்தடிப்பையே சிறிய எழுத்தில் வைத்தால் சுழிகள் அடைபட்டு, ணகரமும் னகரமும் ஒன்றாகத் தோன்றும். மேலே புள்ளியும் விசிறியும், கீழே உகரக் குறியும் பெறும் மொழி நம்முடையது. வரிகளை நெருக்கினால் அவை ஒன்றையொன்று முட்டும்.

எனவே, அணியெழுத்தை மணமக்கள் பெயரோடு நிறுத்திக்கொள்க. நாள், இடம், உறவினர் பெயர்கள் எளிய எழுத்தில் இருக்கட்டும். அச்சுக்குக் கொடுக்குமுன் 'எது, ஏது, மெய், மேய், மரம், மாமா' என்னும் சொற்களை அவ்வெழுத்திலேயே அடித்து, வீட்டுக் குழந்தையிடம் நீட்டுக. அவள் தடையின்றிப் படித்தால் அதுவே நல்ல எழுத்து. நம் பிள்ளைகள் காணும் தமிழே சில தாள்கள்தாம். அவற்றையும் படிக்கவொண்ணாதபடி செய்யலாமா?