பஸ் பெர்மிட் அப்பீல் தூங்கினால் ஐகோர்ட்டு தட்டி எழுப்புமா?

கடன் வாங்கி பஸ் வாங்கியாச்சு. பெர்மிட் கேட்டு மனுவும் போட்டாச்சு. ஆனால் "கிடையாது" என்று ஆர்.டி.ஏ. எனப்படும் வட்டார போக்குவரத்து ஆணையம் கையை விரித்துவிட்டது. சரி, அப்பீல் போடலாம் என்று போனால் வாய்தாவுக்கு மேல் வாய்தா. பஸ் ஷெட்டில் படுத்துக் கிடக்கிறது. தவணை கேட்டு பைனான்ஸ்காரர் வாசலில் நிற்கிறார். டிரைவரும் கண்டக்டரும் வேறு வேலை தேடிப் போய்விடுகிறார்கள். அந்த பஸ்சை நம்பி இருந்த ஊர் ஜனங்களுக்கு மெயின்ரோடு வரை நடைதான்.

இப்படி இழுத்தடித்தால் கேட்க ஆள் இல்லையா? இருக்கிறது. அதுதான் ஐகோர்ட்டு. ஆனால் அதற்கும் ஒரு எல்லை உண்டு.

முதல் படி எது?

1988-ம் ஆண்டு மோட்டார் வாகன சட்டப்படி பெர்மிட்டை சும்மா மறுத்துவிட முடியாது. மறுத்தால் காரணத்தை எழுத்தில் தர வேண்டும். மனுதாரர் தரப்பையும் கேட்க வேண்டும்.

பெர்மிட் மறுப்பு, ரத்து, புதுப்பிக்க மறுப்பு, முதலாளி இறந்தபின் வாரிசு பெயருக்கு மாற்ற மறுப்பு ஆகியவற்றுக்கு இந்த சட்டத்தின் 89-வது பிரிவில் அப்பீல் போடலாம். மாநில போக்குவரத்து மேல்முறையீட்டு தீர்ப்பாயம்தான் இதை விசாரிக்கும். தமிழ்நாட்டுக்கு இது சென்னையில் இருக்கிறது. மாவட்ட நீதிபதி அந்தஸ்துக்கு குறையாதவரோ, ஐகோர்ட்டு நீதிபதியாகும் தகுதி உள்ளவரோதான் விசாரிக்க முடியும்.

அப்பீல் போட வழியில்லாத உத்தரவு என்றால் 90-வது பிரிவில் சீராய்வு மனு போடலாம். இதற்கு 30 நாள்தான் கெடு. தாண்டினால் தக்க காரணம் காட்ட வேண்டும்.

கெடு யாருக்கு?

இங்கேதான் சிக்கல். அப்பீல் போடுகிறவருக்கு கெடு உண்டு. ஆனால் அப்பீலை இத்தனை நாளில் முடிக்க வேண்டும் என்று 89-வது பிரிவில் ஒரு வரி கூட இல்லை.

பெர்மிட்டின் ஆயுளே 5 வருஷம்தான். நடுவில் ரத்தாகி, அப்பீல் 2, 3 வருஷம் இழுத்தால் என்ன ஆகும்? ஜெயித்தாலும் கையில் மிஞ்சுவது கொஞ்ச நாள்தான். புதுப்பிக்கும் மனு முடிவாகாமல் இருந்தால் தற்காலிக பெர்மிட் கேட்கலாம். அதுவும் ஒரு தடவைக்கு 4 மாதத்துக்கு மேல் கிடையாது.

"அப்பீல் போட்டாச்சு, இனி கவலையில்லை" என்று இருக்கவும் முடியாது. அப்பீல் போட்டதும் பழைய உத்தரவு தானாக நின்றுவிடாது. தடை கேட்டு தனியாக மனு போட வேண்டும். தடை கிடைத்த தரப்போ வழக்கை முடிக்க அவசரப்படாது. நாள் போகப்போக அவர்களுக்குத்தான் வசூல்!

ஐகோர்ட்டு என்ன செய்யும்?

தீர்ப்பாயத்தின் முடிவே இறுதியானது என்று சட்டம் சொல்கிறது. அடுத்த அப்பீல் இல்லை. ஆனால் எல்லா கீழ்கோர்ட்டுகளையும் தீர்ப்பாயங்களையும் கண்காணிக்கும் அதிகாரத்தை அரசியல் சட்டத்தின் 227-வது பிரிவு ஐகோர்ட்டுக்கு கொடுத்திருக்கிறது. 226-வது பிரிவில் ரிட் மனுவும் போடலாம். நிலுவையில் கிடக்கும் அப்பீலை இத்தனை வாரத்துக்குள் முடியுங்கள் என்று ஐகோர்ட்டு உத்தரவு போட முடியும்.

ஆனால் பெர்மிட் யாருக்கு என்று ஐகோர்ட்டே முடிவு செய்யாது. இதற்கு வழிகாட்டியது நம்ம தஞ்சை மாவட்டத்து வழக்குதான்.

5 பஸ் வழக்கு

வீரப்பா பிள்ளைக்கும் கும்பகோணம் ராமன் அண்டு ராமன் கம்பெனிக்கும் 5 பஸ்களின் பெர்மிட்டில் தகராறு. கம்பெனிக்கு பெர்மிட் கொடுக்கச் சொல்லி சென்னை ஐகோர்ட்டு உத்தரவிட்டது. 1952-ல் சுப்ரீம் கோர்ட்டு அதை ரத்து செய்தது. ரிட் அதிகாரத்தை வைத்துக்கொண்டு ஐகோர்ட்டு அப்பீல் கோர்ட்டாக மாறக்கூடாது, பெர்மிட் விஷயத்தை அதற்கான அதிகாரிகள்தான் பார்க்க வேண்டும் என்று சொல்லிவிட்டது.

அதாவது தாமதத்தை ஐகோர்ட்டு உடைக்கும். தீர்ப்பை தீர்ப்பாயம்தான் எழுதும்.

கவனிக்க வேண்டியவை

உத்தரவு வந்த அன்றே நகல் வாங்கி தேதியை குறித்து வையுங்கள். அப்பீலோடு தடை மனுவையும் சேர்த்து போடுங்கள். இழுத்தால் முதலில் தீர்ப்பாயத்திலேயே சீக்கிரம் விசாரிக்க மனு கொடுத்து, அதற்கு அத்தாட்சி வாங்குங்கள். வாய்தா தேதிகளை எழுதி வையுங்கள். ஐகோர்ட்டில் தாமதத்தை நிரூபிக்க இந்தக் காகிதங்கள்தான் கை கொடுக்கும். வாய்தா கேட்டவர் நீங்களே என்றால் ஐகோர்ட்டிலும் பேச்சு எடுபடாது.