ஹாஸ்டலில் முதல் சில வாரங்கள்: ஆனைக்கரையிலிருந்து கிளம்பும் மாணவருக்கு என்ன தெரிந்திருக்க வேண்டும்?

இடுக்கி மாவட்டம் ஆனைக்கரை, ஏலத்தோட்டங்கள் சூழ்ந்த ஊர். கம்பம்மெட்டு வழியாக மலை இறங்கினால் தேனி மாவட்டம். மறுபக்கம் கட்டப்பனை, கோட்டயம். இங்கிருந்து உங்க தம்பியோ தங்கச்சியோ இந்த வருஷம் வெளியூர் காலேஜுக்குப் போகிறார்களா? இதைப் படிச்சிடுங்க.

மொழி ஏன் சிக்கலாகிறது?

1956 மாநில மறுசீரமைப்பில் தேவிகுளம், பீர்மேடு பகுதிகள் கேரளத்தோடு சேர்ந்தன. அதனால் இந்த மலைப்பகுதியில் வீட்டில் தமிழ், பள்ளியில் மலையாளம் என்று வளர்ந்த பிள்ளைகள் உண்டு. மதுரைக்குப் போனால் தமிழ் பேச வரும், எழுதத் தடுமாறும். கோட்டயத்துக்குப் போனால் மலையாளம் எழுத வரும், பேச்சில் தமிழ் வாடை அடிக்கும். ரெண்டு இடத்திலும் ‘நீ எந்த ஊரு?’ என்ற கேள்வி வரும். இது திறமைக் குறைவு இல்லை. ஆனால் எழுத்தில் சிரமம் இருந்தால் முதல் மாதமே ஆசிரியரிடம் சொல்லிவிட வேண்டும். இன்டர்னல் மார்க் குறைந்த பிறகு சொன்னால் லேட்.

வீட்டு ஞாபகம் வந்தால்?

வகுப்பில் அவ்வளவாகத் தெரியாது. ராத்திரியும் ஞாயிற்றுக்கிழமை மதியமும்தான் வாட்டும். பலருக்கு சில வாரங்களில் தணிந்துவிடும். அதனால் முதல் மாதமே வாராவாரம் ஊருக்கு ஓடி வராமல், அந்த ஞாயிறுகளில் விளையாட்டு, என்எஸ்எஸ் என்று ஏதாவது ஒன்றில் சேர்வது நல்லது. தூக்கமும் சாப்பாடும் தொடர்ந்து கெட்டால் காத்திருக்க வேண்டாம். 2022 அக்டோபரில் மத்திய அரசு தொடங்கிய டெலி மானஸ் மனநல உதவி எண் 14416. இலவசம், 24 மணி நேரமும் பேசலாம். தமிழ், மலையாளம் இரண்டிலும் உதவி கிடைக்கும்.

ராகிங் நடந்தால்?

‘சீனியர்ஸ் சும்மா கலாய்க்கிறாங்க’ என்று பொறுத்துக்கொள்ளத் தேவையில்லை. 1996-ல் சிதம்பரத்தில் மருத்துவ மாணவர் நாவரசு கொல்லப்பட்டதை அடுத்து, 1997-ல் தமிழ்நாடு ராகிங் தடைச் சட்டம் கொண்டுவந்தது. கேரளச் சட்டம் 1998-ல் வந்தது. இரண்டிலும் 2 ஆண்டு வரை சிறைத்தண்டனை உண்டு. யுஜிசி-யின் 24 மணி நேரப் புகார் எண் 1800-180-5522.

நீங்கள் என்ன செய்யலாம்?

இந்த இரண்டு எண்களையும் அவர்கள் போனில் இன்றைக்கே சேவ் பண்ணிக் கொடுங்க. போன் பேசும்போது ‘சாப்பிட்டியா?’ என்பதோடு நிறுத்தாமல், ‘யாரோட சாப்பிட்டே?’ என்றும் கேளுங்க. பதிலில் ஒரு பெயர் வர ஆரம்பித்தால், பிள்ளைக்கு அங்கே ஒரு துணை கிடைத்துவிட்டது என்று அர்த்தம். பல வாரமாகியும் எந்தப் பெயரும் வரவில்லையென்றால், அடுத்த லீவில் ஒருமுறை நேரில் போய்ப் பார்த்துட்டு வாங்க.