75,000 டாலருக்கு மேல் என்ன நடக்கிறது?

ஓரளவுக்கு மேல் பணம் சேர்ந்தாலும் மகிழ்ச்சி அதிகரிக்காது என்பவர்களுக்கு 2010-இல் ஓர் எண் கிடைத்தது. டேனியல் கானமன், ஆங்கஸ் டீட்டன் இருவரும் அமெரிக்கர்கள் தந்த நாலரை லட்சம் பதில்களை அலசி, ஆண்டு வருமானம் 75,000 டாலரைத் தொட்டபின் அன்றாட மனநிலை மேலும் உயர்வதில்லை என்றார்கள். கானமன் நோபல் பரிசு பெற்றவர்; டீட்டன் பின்னர் பெற்றார். கேட்கவா வேண்டும், எண் உலகைச் சுற்றியது.

2021-இல் மேத்யூ கில்லிங்ஸ்வொர்த் என்ற ஆய்வாளர் அதை மறுத்தார். வேலையிலிருக்கும் 33,000-க்கு மேற்பட்ட அமெரிக்கர்களிடம், கைபேசி வழியே, ‘இந்த நிமிடம் மனம் எப்படி இருக்கிறது?’ என்று வெவ்வேறு வேளைகளில் கேட்டார். அப்படி ஒரு வரம்பே அவருக்குத் தட்டுப்படவில்லை.

கானமனும் கில்லிங்ஸ்வொர்த்தும் மோதிக்கொள்ளவில்லை. உளவியலாளர் பார்பரா மெல்லர்ஸை நடுவராக வைத்துக்கொண்டு ஒன்றாகக் கணக்குப் பார்த்தார்கள். முடிவைவிட எனக்கு இதுதான் பிடித்திருக்கிறது. பழைய ஆய்வில் இருந்தவை ‘நேற்று சிரித்தீர்களா?’ போன்ற ஆம், இல்லை கேள்விகள். பெரும்பாலோர் ‘ஆம்’ என்றுவிட்டதால், மகிழ்ச்சியாக இருப்பவர்களுக்குள் உள்ள ஏற்ற இறக்கம் அதில் பதியவேயில்லை. துயரத்தைத்தான் அது சரியாக அளந்திருக்கிறது. 2023-இல் வெளியான கூட்டு ஆய்வின்படி, மனநிலையில் கடைசியில் இருக்கும் சுமார் 15 சதவீதத்தினருக்கு மட்டும் 1,00,000 டாலர் அளவில் ஏற்றம் நின்றுவிடுகிறது. உற்றவரை இழந்த துக்கத்தையும் மனச்சோர்வு நோயையும் சம்பள உயர்வு தீர்ப்பதில்லை. மற்றவர்களுக்கு ஏறிக்கொண்டே போகிறது.

ஆனால் எப்படி ஏறுகிறது என்பதில்தான் விஷயம். எவ்வளவு கூடியது என்பதல்ல, எத்தனை மடங்கு கூடியது என்பதே கணக்கு. 20,000 டாலர் 40,000 ஆகும்போது கிடைக்கும் அதே ஏற்றத்துக்கு 1,00,000 டாலர்காரருக்கு இன்னும் ஒரு லட்சம் வேண்டும். அந்த ஏற்றமும் சிறியதே: வருமானம் நான்கு மடங்காவதும் வார விடுமுறை வருவதும் மனநிலையில் ஏறக்குறைய ஒரே அளவு மாற்றத்தைத் தருகின்றன. தலைவலி கெடுப்பதோ அதைப்போல் மூன்று மடங்குக்கும் மேல்!

எளிய வாழ்வின் பக்கமும் சான்று உண்டு. 2024-இல் வெளியான ஓர் ஆய்வு, காடு, கடல், சிறுவிவசாயத்தை நம்பி வாழும் 19 சமூகங்களில் ஏறக்குறைய 3,000 பேரிடம் வாழ்க்கைக்கு மதிப்பெண் கேட்டது. பலரிடம் பணப்புழக்கமே குறைவு. சராசரி 10-க்கு 6.8, பணக்கார நாடுகளுக்கு இணையானது. எல்லா ஊரும் ஒன்றல்ல. சில இடங்களில் 8-ஐத் தாண்டியது, சில இடங்களில் சராசரிக்குக் கீழே இருந்தது. காசு குறைவு என்பதாலேயே நிறைவு வந்துவிடவில்லை.