உம்மாவின் கட்டுரைகளும் இரண்டு அடாப்டர்களும்

உம்மா முன்பு தட்டச்சிட்ட கட்டுரைகள் எங்கள் பழைய கணினியில் இருந்தன. அதன் திரை பழுது. கணினியில் இருப்பது 15 துளை விஜிஏ. புதிய திரையிலோ எச்டிஎம்ஐ. வெறும் கம்பி போதாது. விஜிஏ தருவது ஒப்புமைச் சமிக்ஞை. எச்டிஎம்ஐ கேட்பது இலக்கமுறைச் சமிக்ஞை. சிப் பொருத்திய அடாப்டர்தான் அதை மாற்றித் தந்தது.

கோப்பைக் கைப்பேசியில் திறந்தால் பொருளற்ற ஆங்கில எழுத்துகள்! “பழுதாப் போச்சு, அழிச்சிடு மகள்” என்றார் உம்மா. நான் அழிக்கவில்லை. பாமினி எழுத்துரு, ஆங்கில எழுத்துகளின் குறியீடுகளுக்கே தமிழ் வடிவம் தருகிறது. யுனிகோடில் தமிழுக்குத் தனிக் குறியீடுகள் உண்டு. எழுத்துரு மாற்றி என்பது இவற்றை இணைக்கும் மென்பொருள் அடாப்டர். அதிலிட்டதும் கட்டுரைகள் தமிழாயின. உம்மா கண்ணாடியைத் தேடினார்.

உங்கள் வீட்டுப் பழைய கோப்புகளையும் அழிக்குமுன் எழுத்துருவைப் பாருங்கள்.