துண்டும் விசாவும்

வேற்றுநாடொன்றில் தொழில் புரிவதற்கு வழங்கப்படும் விசாவை நாம் வழக்கமாக எல்லைக் காவலோடு தொடர்புடைய ஒன்றாகவே நோக்குகிறோம். ஒருவர் உள்ளே வரலாமா, எத்தனை காலம் தங்கலாம் என்பனவற்றைத் தீர்மானிக்கும் அரசாங்க முத்திரை என்பதே அதுபற்றிய பொதுவான விளக்கம். சுற்றுலாப் பயணிக்கும் ஓரளவுக்கு மாணவருக்கும் இவ்விளக்கம் பொருந்தும். கூலிக்கு உழைக்கப் போகும் ஒருவரைப் பொறுத்தவரையில் அது போதாது. மத்திய கிழக்குக்குச் செல்லும் பணிப்பெண்ணின் விசா, அவர் எந்த நாட்டில் இருக்கலாம் என்பதோடு எவருடைய வீட்டில் இருக்கலாம் என்பதையும் சேர்த்தே சொல்கிறது. அவ்வீட்டை விட்டு வெளியேறும்போது அந்நாட்டில் இருக்கும் உரிமையையும் அவர் இழந்துவிடுகிறார். தொழிலுறவும் வதிவிட உரிமையும் ஒரே முடிச்சில் கட்டப்பட்டுள்ள இந்நிலைமையை விளங்கிக்கொள்வதற்குக் குடிவரவுச் சட்டநூல்களைவிட நமது தோட்டத் தொழிலின் வரலாறே கூடுதலாக உதவுகிறது என்பது இக்கட்டுரையின் கருத்து.

பெருந்தோட்டப் பயிர்ச்செய்கை விரிவடைந்த 19ஆம் நூற்றாண்டில் தமிழக மாவட்டங்களிலிருந்து தொழிலாளரைத் திரட்டி வந்தவர் கங்காணி. பயணச் செலவு, வழிச்சாப்பாடு, ஊரிலே தீர்க்கவேண்டியிருந்த பழைய கடன் ஆகியன முற்பணமாகத் தொழிலாளியின் பேரில் எழுதப்பட்டன. தோட்டத்துக்கு வந்து சேரும்போதே அவர் கடனாளி. வேறு தோட்டத்துக்கு மாற விரும்பினால் துரையிடமிருந்து துண்டு பெறவேண்டும். இன்ன தொகை செலுத்தப்படுமாயின் இன்னின்ன ஆட்களை விடுவிக்கச் சம்மதம் என எழுதிக் கொடுக்கப்பட்ட சிறு கடதாசியே துண்டு எனப்பட்டது. கங்காணி அதனை எடுத்துக்கொண்டு தோட்டம் தோட்டமாகச் சென்று, அத்தொகையையும் அதற்கு மேலும் தரக்கூடிய துரையைத் தேடினார். மேலதிகமாகக் கிடைத்த முற்பணமும் பெரும்பாலும் தொழிலாளர் பேரிலேயே கடனாக ஏறியது. துண்டில் எழுதப்பட்டிருந்தது கடன்தொகைதான். நடைமுறையில் அது ஆளின் விலையாயிற்று.

துண்டின்றிப் போனவர் 'ஓடிப்போனவர்' எனக் கருதப்பட்டார். 1865ஆம் ஆண்டின் தொழிற் சட்டம் அவ்வாறு போவதைச் சிறைத்தண்டனைக்குரிய குற்றமாக்கியிருந்தது. ஓர் ஒப்பந்தத்தை மீறியவர் நட்டஈடு செலுத்துவதே பொதுவான நியதியாயிருக்க, தோட்டத் தொழிலாளி மீறினால் மறியற்சாலைக்குப் போகவேண்டியிருந்தது. இங்கு மனங்கொள்ள வேண்டியது யாதெனில், துண்டு என்னும் தனியார் கடதாசிக்குப் பின்னால் பொலிசும் நீதவானும் நின்றனர் என்பதாகும். அவர்கள் நில்லாதிருந்தால் அக்கடதாசிக்கு எப்பெறுமதியும் இருந்திராது. 1917இல் ஒப்பந்தக் கூலிமுறைக்கான ஆட்சேர்ப்பு இந்தியாவிலே நிறுத்தப்பட்டதைத் தொடர்ந்து, இலங்கைக்கான தொழிலாளர் வரவும் தடைப்படலாம் என்ற அச்சம் தோட்டச் சொந்தக்காரரைப் பற்றிக்கொண்டது. இந்திய அரசாங்கத்தின் நெருக்குதலும் சேர, 1921இல் துண்டுமுறையும் ஓடிப்போவதற்கான சிறைத்தண்டனையும் ஒழிக்கப்பட்டன. (விலகும்போது கொடுக்கப்படும் பற்றுச்சீட்டு அதற்குப் பின்னரும் நீடித்தது. மலையக முதியோர் பேச்சில் 'பத்துச்சீட்டு' என்ற சொல்லுக்கு இருந்த கனம் அவ்வரலாற்றிலிருந்து வந்ததே.)

இனி வளைகுடாவை நோக்குவோம். எண்ணெய் கண்டுபிடிக்கப்படுவதற்கு முன்னர் பஹ்ரைன், குவைத் முதலிய துறைகளின் செல்வம் முத்துக்குளிப்பிலிருந்து வந்தது. சுழியோடி, தன்னை அழைத்துச் செல்லும் படகுத் தலைவனிடம் பருவத் தொடக்கத்தில் முற்பணம் வாங்கினார். அக்கடன் ஆண்டுக்காண்டு வளர்ந்தது. வேறொரு தலைவனிடம் போவதற்கு, கடன் எவ்வளவு என்பதைக் குறிக்கும் 'பர்வா' என்னும் கடதாசி அவருக்கு வேண்டியிருந்தது. புதிய தலைவன் அத்தொகையைத் தீர்த்து அவரைப் பெற்றுக்கொள்வான். நமது துண்டுக்கு உடன்பிறப்பென்று சொல்லத்தக்க இக்கடதாசி, வேறொரு கடலோரத்தில், வேறொரு மொழியில், அதே தேவையிலிருந்து பிறந்தது. ஆளைவிட முதல் மலிவாயிருந்த இடங்களில், ஆளைப் பிடித்துவைப்பதே முதலாளியின் முதற் பிரச்சினையாக இருந்தது.

இன்று 'கபாலா' எனப்படும் பொறுப்பாளர் முறை இப்பின்னணியிலேயே உருவாயிற்று. அரபு மொழியில் கபாலா என்பது பிணைநிற்றலைக் குறிக்கும், பிணைநிற்பவர் கபீல். இச்சொற்கள் பழையன என்பதால் முறையும் தொன்றுதொட்டு வந்ததென்றும், அரபு விருந்தோம்பற் பண்பாட்டின் திரிபென்றும் கூறுவோர் உளர். ஓமர் அல்ஷெஹாபி போன்ற வளைகுடா ஆய்வாளர் இதனை மறுத்துள்ளனர். பஹ்ரைனிலே 1920களின் இறுதியில், வெளியிலிருந்து வரும் சுழியோடிகளுக்கு அவர்களை அழைத்துவரும் படகுத் தலைவர்களே பொறுப்பென விதித்தவர்கள் பிரித்தானிய அதிகாரிகள் என்பதை அவர்கள் எடுத்துக்காட்டுவர். குறைந்த செலவில் ஆட்சி நடத்தவேண்டியிருந்த ஏகாதிபத்தியம், அந்நியரைக் கண்காணிக்கும் வேலையை அவர்களது எசமானரிடமே ஒப்படைத்தது. 1973இல் எண்ணெய் விலை உயர்ந்து இலட்சக்கணக்கான தொழிலாளர் தேவைப்பட்டபோது, அவ்வேற்பாடு விரிந்து வளைகுடாவின் பொதுச் சட்டமாயிற்று.

அதன் தொழிற்பாட்டைச் சற்று விரிவாகக் காண்பது அவசியம். சவூதி அரேபியாவை உதாரணமாகக் கொள்வோம். தொழில்வழங்குநர் தமது அரசாங்கத்திடம் விண்ணப்பித்து இத்தனை விசா என்று பெறுகிறார். எந்த நாட்டவர், ஆணா பெண்ணா, என்ன வேலை என்பனவும் அப்போதே குறிக்கப்படுகின்றன. அவ்விசா அதிகாரப் பத்திரத்துடன் கொழும்பிலுள்ள முகவருக்கு வருகிறது. முகவர் உபமுகவரைக் கிராமத்துக்கு அனுப்புகிறார். ஆகவே விசா முதலிலே பிறக்கிறது. ஆள் பின்னரே தேடப்படுகிறார். மூதூரிலோ புத்தளத்திலோ அட்டனிலோ ஒரு பெண் கடவுச்சீட்டுக்கு விண்ணப்பிக்கும் வேளையில், அவருக்கான இடம் இன்னொருவரின் உடைமையாக ஏற்கெனவே இருக்கிறது.

அங்கு சென்று இறங்கிய பின்னர், நுழைவு விசாவை 'இகாமா' எனப்படும் வதிவிட அனுமதியாக மாற்றுவதும் ஆண்டுதோறும் புதுப்பிப்பதும் தொழில்வழங்குநரின் கடமை. அவர் அக்கடமையைச் செய்யாதுவிட்டால் சட்டவிரோதமாகத் தங்கியவர் ஆவது தொழிலாளியே. ஒருவர் செய்த தவறு மற்றவரின் குற்றமாகிறது. இதற்கு மேலாக, தொழிலாளி வேலைக்கு வராது மறைந்துவிட்டார் என்று தொழில்வழங்குநர் அறிவிக்கும் முறையொன்றுண்டு. 'ஹுரூப்' என்று அதற்குப் பெயர். ஓடிப்போதல் என்பதே பொருள். சம்பளம் கொடாமையால் வெளியேறினாரா, அடிதாங்காது வெளியேறினாரா என்ற வினா அவ்வறிவித்தலில் எழுவதில்லை. அது பதியப்பட்டதும் இகாமா செல்லாததாகிவந்தது. பின்னர் பிடிபட்டால் தடுப்புமுகாம், நாடுகடத்தல், மீண்டும் வரத் தடை. சம்பளப் பாக்கிக்கு வழக்காடலாம் என்று சட்டத்தில் எழுதப்பட்டிருக்கலாம். வழக்கு முடியும் மாதங்களில் எங்கே தங்குவது, எதை உண்பது? நமது தூதரகங்கள் நடத்திவந்த பாதுகாப்பு இல்லங்களில் பெண்கள் நிறைந்திருந்ததன் காரணம் இதுவே.

1865ஆம் ஆண்டுச் சட்டத்தில் ஓடிப்போதல் தொழிற் குற்றம்; இங்கு அது குடிவரவுக் குற்றம். இம்மாற்றம் சிறியதாகத் தோன்றலாம். ஆனால் கட்டாய உழைப்பைத் தடைசெய்யும் நவீன சட்டங்களின் கண்ணில் படாமலே பழைய வேலையைச் செய்வதற்கு இதுவே வழிவகுத்தது. வேலையை விட்டதற்காக எவரும் தண்டிக்கப்படுவதில்லை. அனுமதியின்றித் தங்கியதற்காகவே தண்டிக்கப்படுகிறார் என்று எந்த அரசும் இலகுவாகச் சொல்லிவிடலாம். கடனின் இடத்தில் வதிவிட உரிமை வந்து அமர்ந்திருக்கிறது. கடனைத் தொழிலாளி உழைத்தாவது தீர்க்கலாம். இதைத் தீர்ப்பதற்கு வழியே இல்லை.

விசா முதலாளியின் உடைமையானால் அது விற்கப்படுவதும் இயல்பே. வேலை எதுவுமில்லாத நிறுவனத்தின் பேரில் விசாவைப் பெற்று முகவருக்கு விற்கும் வியாபாரம் வளைகுடாவில் நெடுங்காலமாக நடந்துவருகிறது. வாங்கியவர் வெளியே எங்காவது வேலை தேடிக்கொள்ளலாம். கபீலுக்கு ஆண்டுதோறும் ஒரு தொகை கட்டவேண்டும். நம்மவரிடையே 'ப்ரீ விசா' என்று இது வழங்குகிறது. விலைகொடுத்து வாங்கியதற்கு இலவசம் என்ற பொருளும் தொனிக்கும் பெயர் வாய்த்தது ஒரு வேடிக்கை. கங்காணி துண்டோடு தோட்டம் தோட்டமாக நடந்த காட்சியை இங்கு நினைவுகூராதிருக்க முடியவில்லை.

இவை யாவும் அரபுநாடுகளின் பின்தங்கிய நிலைமையால் விளைந்தவை என்று நமது படித்த வகுப்பினர் பலர் நம்புகின்றனர். இந்நம்பிக்கை வசதியானது, உண்மையன்று. பிரித்தானியாவிலே வெளிநாட்டு வீட்டுப் பணியாளர் தொழில்வழங்குநரை மாற்றிக்கொள்ளும் உரிமை 1998 முதல் இருந்தது. 2012 ஏப்ரலில் அரசாங்கம் அதனைப் பறித்தது. பெரும் கண்டனத்தின் பின் 2016இல் மாறும் உரிமை மீண்டும் அளிக்கப்பட்டபோதும், அது ஆறுமாத விசாக் காலத்துக்குள் அடங்கியதாகவே இருந்தது. சிங்கப்பூரில் வீட்டுப் பணிப்பெண்ணுக்காகத் தொழில்வழங்குநர் 5,000 டொலர் பிணை வைக்கவேண்டும். ஆறு மாதத்துக்கு ஒருமுறை செய்யப்படும் மருத்துவப் பரிசோதனையில் கர்ப்பம் தெரியவந்தால் அப்பெண்ணின் அனுமதி இரத்தாகும். கனடாவின் பண்ணைகளுக்குப் பருவகாலத் தொழிலாளர் செல்வதும் ஒரே தொழில்வழங்குநரின் பெயர் பொறித்த அனுமதியுடனேயே. லெபனானில் 1946ஆம் ஆண்டுத் தொழிற்சட்டம் வீட்டுப் பணியாளரை முற்றாக விலக்கியது. அந்நாட்டுப் பேச்சுவழக்கில் 'இலங்கைக்காரி' என்ற சொல்லே வேலைக்காரியைக் குறிக்கும் பொதுச் சொல்லானதை நாம் அறிவோம். 2020 செப்டெம்பரில் அங்கு கொண்டுவரப்பட்ட புதிய ஒப்பந்தப் படிவம் பணியாளர் விலகும் உரிமையை ஏற்றுக்கொண்டிருந்தது. ஆட்சேர்ப்பு நிறுவனங்கள் வழக்குத் தொடுக்க, அடுத்த மாதமே உயர் நிர்வாக நீதிமன்றம் அதனை இடைநிறுத்தியது.

சீர்திருத்தங்கள் நடக்கவில்லை என்றில்லை. 2009இல் பஹ்ரைன், தொழில்வழங்குநரின் சம்மதமின்றி மாறலாம் என்றது. அவ்வேளை அந்நாட்டுத் தொழில் அமைச்சர் கபாலாவை அடிமைமுறையோடு ஒப்பிட்டுப் பேசினார். இரண்டாண்டுகளில், ஓராண்டு கடந்த பின்னரே மாறலாம் என அது சுருக்கப்பட்டது. கட்டார், உலகக் கிண்ணப் போட்டியை முன்னிட்டு எழுந்த கண்டனங்களின் பின், 2018இலும் 2020 தொடக்கத்திலும் வெளியேற்ற அனுமதியைப் படிப்படியாக நீக்கியது. 2020 ஆகஸ்டில் ஆட்சேபனையில்லாச் சான்றையும் ஒழித்தது. 1,000 ரியால் குறைந்தபட்சச் சம்பளத்தையும் சட்டமாக்கியது. சவூதி அரேபியா 2021 மார்ச்சில் செய்த மாற்றங்களில் வீட்டுப் பணியாளர் உள்ளடக்கப்படவில்லை. இம்மாற்றங்களின் பயனை நாம் குறைத்து மதிப்பிடவில்லை. ஆயினும் மேற்கூறிய நாடுகளிலே வதிவிட அனுமதியைப் பெற்றுக்கொடுப்பதும் புதுப்பிப்பதும், ஓடிப்போனதாக அறிவிப்பதும் தொழில்வழங்குநர் கையிலேயே விடப்பட்டன. கட்டாரில் 2020இன் பின்னரும், விலகல் கடிதத்தில் பழைய முதலாளியின் கையொப்பம் கேட்கப்பட்டதாகத் தொழிலாளர் முறையிட்டனர். வாசற்கதவு திறக்கப்பட்டது, திறப்பு பழைய இடத்திலேயே தொங்குகிறது.

இனி நமது அரசின் பங்கு. 1985ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டத்தின்கீழ் வெளிநாட்டு வேலைவாய்ப்புப் பணியகம் அமைக்கப்பட்டது. 1990களின் நடுப்பகுதியில் வேலைதேடிச் சென்றோருள் ஏறத்தாழ நால்வரில் மூவர் பெண்களாயிருந்தனர். 2013 ஜனவரியில் இலங்கைப் பணிப்பெண் ஒருவர் சவூதி அரேபியாவில் மரணதண்டனைக்குள்ளானபோது நாடெங்கும் அதிர்ச்சி பரவியது. அவ்வாண்டு அரசு செய்தது என்ன? பெண்களின் மீது இன்னுமோர் அனுமதியைச் சுமத்தியது. குடும்பப் பின்னணி அறிக்கை என்னும் அவ்வேற்பாட்டின்படி, ஐந்து வயதுக்குட்பட்ட பிள்ளையையுடைய தாய் செல்ல முடியாது. ஏனையோரும் பிரதேச செயலகத்தினூடாகச் சான்று பெறவேண்டும். தந்தைமாருக்கு இவ்விதி இல்லை. சான்று பெற முடியாதோர் சுற்றுலா விசாவில் புறப்பட்டனர். பணியகப் பதிவில்லாமையால் அவர்களுக்கு இருந்த சொற்பப் பாதுகாப்பும் இல்லாதொழிந்தது. 2022இல் பொருளாதாரம் நிலைகுலைந்து அந்நியச் செலாவணி அற்றுப்போனபோது அதே அரசு அக்கட்டுப்பாட்டைத் தளர்த்திற்று. அவ்வாண்டில் மாத்திரம் மூன்று இலட்சத்துக்கும் மேற்பட்டோர் தொழிலுக்காக வெளியேறினர். பிள்ளையின் நலன் டொலரின் நலனுக்கு எத்தனை விரைவாக இடங்கொடுத்தது என்பதைக் குறிப்பிடாமற் செல்ல இயலவில்லை.

1921இல் துண்டு ஒழிந்தது, தொழிலாளரை அனுப்பும் நாடு தன் வலிமையைப் பயன்படுத்தியமையாலேயே. இலங்கையிடம் அவ்வலிமை தனித்து இல்லை. இலங்கை மறுத்தால் நேபாளமோ எதியோப்பியாவோ கென்யாவோ அனுப்பும். புலம்பெயர் தொழிலாளர் உரிமைகளுக்கான 1990ஆம் ஆண்டு ஐக்கிய நாடுகள் உடன்படிக்கையை இலங்கை 1996இல் ஏற்றுக்கொண்டது. ஆனால் வளைகுடா அரசுகளுள் ஒன்றேனும் அதில் சேரவில்லை. தொழிலாளரை அனுப்பும் ஆசிய நாடுகளை ஒன்றுசேர்த்து 2003இல் கொழும்பிலே தொடங்கப்பட்ட 'கொழும்புச் செயன்முறை' எவரையும் கட்டுப்படுத்தாத கலந்துரையாடல் அரங்காகவே அமைந்தது. ஆயினும் 2018இல் பிலிப்பைன்ஸ், தன் நாட்டுப் பணிப்பெண் ஒருவரின் கொலையை அடுத்துக் குவைத்துக்குத் தொழிலாளரை அனுப்புவதை நிறுத்தியது. அவ்வாண்டு மே மாதம் கைச்சாத்தான உடன்படிக்கையின்படி, பணியாளரின் கடவுச்சீட்டைத் தொழில்வழங்குநர் வைத்திருக்கக்கூடாது என்பதைக் குவைத் ஏற்றுக்கொண்டது. வதிவிட அனுமதி எவர் கையில் இருப்பது என்ற பேச்சு அவ்வுடன்படிக்கையிலும் எழவில்லை. நமது அடுத்த இருதரப்புப் பேச்சுவார்த்தையில் அது முதலாவது விடயமாக வைக்கப்படுமா என்பதைப் பணியகத்திடமும் அமைச்சிடமும் கேட்கவேண்டியவர்கள் நாமே.